சுவடில்லாத சுவடி

நைட் ஷிப்ட் முடிந்து சேரப்பணஞ்சேரியில் கம்பெனி பஸ்ஸை விட்டு இறங்கினால் நேரே டீக்கடைதான். வண்டலூர்–வாலாஜாபாத் சாலையில் கன்டெய்னர் லாரிகள் ஒரகடம் பக்கம் போய்க்கொண்டே இருக்கும். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவனோடு பேசவும் குரலை உயர்த்தவேண்டும். அப்படி ஒரு காலையில் எங்கள் லைனில் வேலைசெய்யும் பையன் தன் போனை என் முன்னால் நீட்டினான். கள்ளக்குறிச்சிப் பக்கத்துக்காரன், ஐ.டி.ஐ. முடித்தவன். திரையில் கடலுக்கடியில் கோபுரங்கள், பாசி படிந்த மண்டபங்கள், பின்னணியில் அதிரும் ஒரு குரல். "இதெல்லாம் நம்மளோடது சார். மொத்தமா மறைச்சிட்டானுங்க" என்றான். யார் என்று கேட்டேன். வெள்ளைக்காரன் என்றான், டெல்லி என்றான், பிறகு கொஞ்சம் யோசித்துவிட்டு, "எல்லாரும் சேர்ந்துதான் சார்" என்றான். அவன் கண் சிவந்திருந்தது. தூக்கம் கெட்ட சிவப்பு மட்டுமல்ல அது.

அந்தக் கண்ணை என்னால் சும்மா கடந்துபோக முடியவில்லை. அவன் வயதில் நானும் அதே கடலை நினைத்து நெஞ்சடைத்துப் போயிருக்கிறேன். எங்கள் தமிழய்யா கரும்பலகையில் இந்தியாவை வரைந்து, அதன் கீழே இன்னொரு பெருநிலத்தை ஒரே கோட்டில் இழுப்பார். ஒரு கை மடகாஸ்கரைத் தொடும், மறு கை ஆஸ்திரேலியாவைத் தொடும். பிறகு டஸ்டரை எடுத்து அந்தக் கண்டத்தை ஒரே வீச்சில் அழிப்பார். "கடல்கோள்" என்பார். வகுப்பில் மூச்சுச் சத்தம் கேட்காது. சாக்பொடி அவர் கையில் படிந்திருந்தது இன்னும் எனக்கு ஞாபகம் இருக்கிறது.

இப்போது என் வேலை இன்வார்டு இன்ஸ்பெக்‌ஷன். ஃபோர்ஜிங் செய்து வரும் ஒவ்வொரு இரும்புத் துண்டிலும் ஓரமாக ஓர் எண் குத்தியிருக்கும். ஹீட் நம்பர் என்போம். எந்த ஆலையில் எந்த முறை உருக்கிய எஃகு என்பதை அந்த எண்ணைப் பிடித்துக்கொண்டே போனால் கண்டுவிடலாம். கூடவே ஆலையின் டெஸ்ட் சர்டிபிகேட் வரவேண்டும். துண்டில் உள்ள எண்ணும் தாளில் உள்ள எண்ணும் ஒன்றாக இருந்தால்தான் சரக்கு உள்ளே போகும். எண் இல்லாத துண்டு எவ்வளவு பளபளப்பாக இருந்தாலும், அளவு மைக்ரான் பிசகாமல் இருந்தாலும், சிவப்புச் சீட்டு ஒட்டி ஒதுக்கிவிடுவோம். அது கெட்ட எஃகு என்று அதற்கு அர்த்தமில்லை. அது எங்கிருந்து வந்தது என்று சொல்ல ஆளில்லை, அவ்வளவுதான். நாளைக்கு அது ஒரு வண்டியின் அச்சில் போய் உட்காரும். அந்த வண்டியில் குழந்தைகள் ஏறும்.

பழைய நூலுக்கும் இப்படி ஓர் எண் உண்டு. உ.வே. சாமிநாதையரின் முன்னுரைகளை வாசித்தவர்களுக்குத் தெரியும். ஏடு எந்த ஊரில் யார் வீட்டில் கிடைத்தது, எத்தனை பிரதி, எந்தப் பிரதியில் எந்த இடம் செல்லரித்திருந்தது என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டு போவார். பதிற்றுப்பத்தை 1904இல் அச்சிட்டபோது முதல் பத்தும் கடைசிப் பத்தும் இல்லாமலே அச்சிட்டார். பரிபாடல் எழுபதில் முழுதாகக் கிடைத்தவை இருபத்திரண்டுதான். 1918இல் அந்த இருபத்திரண்டைத்தான் கொடுத்தார். இரண்டு பத்துகளை இட்டு நிரப்ப அவருக்குத் தமிழ் போதாமலா இருந்தது? செய்யவில்லை. இல்லாததை இல்லை என்று விட்டுவைத்த அந்த வெற்றிடம்தான் மீதி எண்பது பாட்டுக்கும் சாட்சியாக நிற்கிறது.

இனி, போனில் அதிர்ந்த குரல் பெயர் சொன்ன நூலுக்கு வருகிறேன். செங்கோன் தரைச்செலவு. கடல்கொண்ட தென்னாட்டில் பெருவளநாட்டை ஆண்ட செங்கோன் என்ற அரசனின் படையெடுப்பைப் பாடுவது என்று சொல்வார்கள். பாடியவர் பெயர் முதலூழிச் சேந்தன் தனியூர். இந்தப் பெயரிலேயே என் கை நின்றுவிடுகிறது. முதல் ஊழியில் வாழ்ந்தவனுக்குத் தான் வாழ்வது முதல் ஊழி என்று எப்படித் தெரிந்தது? அடுத்த ஊழி வந்தபிறகுதானே முந்தியது முதலாவது ஆகும்? பின்னால் வந்தவர்கள் கொடுத்த அடைமொழி என்று பதில் சொல்லலாம். அப்படியானால் அந்தப் பின்னால் வந்தவர்கள் எங்கே? இளம்பூரணர், பேராசிரியர், நச்சினார்க்கினியர் என்று தேடித்தேடி மேற்கோள் காட்டிய உரைகாரர்கள் வரிசையில் ஒருவர் வாயிலும் இந்த நூலின் பெயர் வரவில்லை. அவ்வளவு நூற்றாண்டும் ஒரு சத்தமில்லாமல் இருந்துவிட்டு அச்சு இயந்திரம் வந்த பிறகு எழுந்து வருகிறது. தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் 1917இல் வெளியிட்ட 'கருணாமிர்த சாகரம்' என்ற மாபெரும் இசைநூலில் இதை மெய்யென்று நம்பி எடுத்தாண்டார். தமிழிசையின் சுருதிக் கணக்கில் அவ்வளவு கறாராக இருந்த மனிதர் அவர். எஸ். வையாபுரிப்பிள்ளை போன்றவர்கள் பிற்காலத்தார் கட்டிய போலி என்று இதை ஒதுக்கினார்கள். மூல ஏட்டை நம் முன் வைத்து அவர்களை மறுத்தவர் இன்றுவரை இல்லை.

அதே 1917இல் இன்னொன்று நடந்தது. சொல்லும்போது மனம் கனக்கிறது. கப்பலோட்டிய சிதம்பரனார் சிறையிலிருந்து வெளிவந்து, சொத்தெல்லாம் போய், வக்கீல் சன்னதும் இல்லாமல் சென்னையில் காலம் தள்ளிய ஆண்டுகள் அவை. அந்த நிலையிலும் அவர் ஏடுகளோடு மல்லுக்கட்டினார். திருக்குறள் அறத்துப்பாலுக்கு மணக்குடவர் உரையைப் பதிப்பித்தார். அந்தச் சமயத்தில் அவரிடம் 'இன்னிலை' என்றொரு நூலின் பாடல்கள் கொண்டுவந்து கொடுக்கப்பட்டன. பதினெண்கீழ்க்கணக்கைப் பட்டியலிடும் பழைய வெண்பாவில் பதினெட்டாவது நூல் எது என்பதில் ஒரு மயக்கம் உண்டு. அந்த மயக்கத்தின் இடுக்கில் இந்த நூல் கச்சிதமாகப் போய்ப் பொருந்தியது. பொய்கையார் பாடியது என்றார்கள். நாற்பத்தைந்து பாட்டு. வ.உ.சி. உரையெழுதி அச்சிட்டார்.

பிறகு 1931இல் இ.வை. அனந்தராமையர் 'கைந்நிலை'யைப் பதிப்பித்தார். அந்தப் பதிப்பைப் பார்த்தால் பக்கத்துக்குப் பக்கம் புள்ளிகள் தெரியும். ஏடு ஒடிந்த இடம், பூச்சி தின்ற இடம், எழுத்து தேய்ந்த இடம் எல்லாம் புள்ளி புள்ளியாக இருக்கும். சில பாட்டுகளில் சில சொற்கள்தான் மிச்சம். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்திருக்கிறேன். ஒன்று நோஞ்சானாக, கைகால் முறிந்து கிடக்கிறது. இன்னொன்று வடு இல்லாமல் நிமிர்ந்து நிற்கிறது. அறிஞர்களில் பெரும்பாலோர் இன்று பதினெட்டாவதாகக் கொள்வது அந்த நோஞ்சானைத்தான். இன்னிலையைச் செய்தவர் யாரோ, அவர் வேறு யாரை ஏமாற்றியிருந்தாலும் எனக்கு இவ்வளவு வலித்திருக்காது. எல்லாவற்றையும் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு நின்ற ஒருவர், மிச்சமிருந்த நம்பிக்கையைத் தமிழின்மேல் வைத்தார். அந்த நம்பிக்கையில் போய்க் கைவைத்திருக்கிறார்கள்.

முச்சங்கக் கதையை நான் இந்த வரிசையில் சேர்க்கமாட்டேன். அதைச் சொல்லும் இறையனார் களவியல் உரை போலி நூல் அல்ல. தான் எந்த வழியில் வந்தது என்று நக்கீரனாரில் தொடங்கி முசிறி ஆசிரியர் நீலகண்டனார் வரை பத்துத் தலைமுறையின் பெயரைச் சொல்லும் நூல் அது. தன் ஹீட் நம்பரைத் தானே குத்திக்கொண்டு வந்தது என்பேன். ஆனால் அது தரும் ஆண்டுக் கணக்கை வரலாறு என்று எடுத்துக்கொள்ளும்போதுதான் என் தொழில் குறுக்கே வருகிறது. முதற்சங்கம் 4440 ஆண்டு, இடைச்சங்கம் 3700, கடைச்சங்கம் 1850. மூன்றையும் 37ஆல் வகுத்துப் பாருங்கள். 120, 100, 50. மிச்சமே இல்லை. சங்கம் வளர்த்த அரசர்கள் 89, 59, 49 பேர். மூன்றும் ஒன்பதில் முடிகின்றன. முன்பு நான் வேலைசெய்த ஓரிடத்தில், ஒருவர் மெஷினுக்கே போகாமல் மேசையில் உட்கார்ந்து இன்ஸ்பெக்‌ஷன் ஷீட்டை நிரப்பிக்கொண்டிருந்ததை இப்படித்தான் கண்டுபிடித்தேன். எண்கள் எல்லாம் அழகாக இருந்தன. அளந்து வரும் எண் அப்படி வருவதில்லை. களவியல் உரைகாரர் ஏமாற்றினார் என்று நான் சொல்லவில்லை. தெய்வமும் புலவரும் சேர்ந்து உட்கார்ந்த அவையை அவர் பாடத்துக்கு முன்னே ஒரு மங்கலமாக வைத்தார். அதைப் பஞ்சாங்கம்போல் வாசித்தது நாம்.

லெமூரியா என்ற பெயர் வந்த வழியும் சிறியதுதான். ஃபிலிப் ஸ்கிளேட்டர் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் 1864இல், மடகாஸ்கரில் பெருகிக் கிடக்கும் லெமூர் இனத்தின் உறவுகள் இந்தியப் பக்கமும் எப்படி வந்தன என்று விளக்க, நடுவில் ஒரு நிலம் இருந்து மூழ்கியிருக்கவேண்டும் என்று ஊகித்தார். அடையாறைத் தலைமையிடமாகக் கொண்டிருந்த பிரம்மஞான சங்கத்தின் பிளாவட்ஸ்கி அம்மையார் 1888இல் வெளியிட்ட நூலில் அந்த நிலத்தில் மனித இனத்தைக் குடியேற்றினார். தமிழர் அதைத் தங்கள் கடல்கோள் நினைவோடு இணைத்துக் குமரிக்கண்டம் என்றார்கள். இதற்கிடையில் வெகெனர் என்ற விஞ்ஞானி 1912இல் கண்டங்களே நகர்கின்றன என்றார். 1960களில் அது உறுதிப்பட்டது. நிலம் மூழ்கவேண்டியதில்லை, விலகிப்போனாலே போதும். ஆய்வாளர்கள் லெமூரியாவை மறைக்கவில்லை. அதற்கு வேலை இல்லாமல் போனதால் விட்டுவிட்டார்கள். கடைசிப் பனியுகத்தின் உச்சத்தில் கடல்மட்டம் இன்றைவிட 120 மீட்டர்போலத் தாழ்ந்திருந்தது, பாக் நீரிணை தரையாகக் கிடந்தது, பிறகு நீர் ஏறியது என்பதெல்லாம் மெய். நம் முன்னோர் கடலுக்கு நிலத்தை இழந்தவர்கள் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. 2004 டிசம்பரில் அந்த நீரை நாமே பார்த்தோம். ஆனால் ஊரை இழப்பது வேறு, கண்டத்தை இழப்பது வேறு.

இதையெல்லாம் டீக்கடையில் அந்தப் பையனிடம் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டான். கேட்டுவிட்டு, "அப்ப உங்களையும் நம்ப வச்சுட்டானுங்க சார்" என்றான். குரலில் கோபமில்லை, இரக்கம்தான் இருந்தது.

சதிக்கதை இப்படித்தான் வேலை செய்கிறது. ஏடு எங்கே என்று கேட்டால், இல்லாததே மறைத்ததற்குச் சான்று. மறுப்பவர் இருந்தால் அவர் மறைப்பவர்களின் ஆள். வையாபுரிப்பிள்ளைக்கு நடந்தது அதுதான். சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதியைக் கட்டி முடித்தவர், 1940இல் சங்க இலக்கியம் முழுவதையும் புலவர் வரிசைப்படி பதிப்பித்தவர். அவர் போட்ட காலக் கணக்குகள் சிலவற்றோடு எனக்கும் உடன்பாடில்லை. இன்று கிடைத்திருக்கும் தமிழிக் கல்வெட்டும் பானையோட்டுப் பொறிப்பும் அவற்றைத் திருத்திவிட்டன. ஆனால் அவர் தப்பு செய்தார் என்று சொல்வதோடு நிறுத்தாமல் துரோகம் செய்தார் என்றார்கள். தப்பைத் திருத்தலாம், துரோகத்தைத் திருத்த முடியாது. அந்த ஒரு சொல்லால் அவரோடு வாதாடும் வழியே அடைபட்டுப்போனது. ஸ்கிளேட்டர் லெமூரியாவை எழுதிய அதே 1864இல் மோரிஸ் ஜோலி என்ற பிரெஞ்சுக்காரர் தன் நாட்டுச் சக்கரவர்த்தியைக் குத்தி ஒரு நூல் எழுதினார். அதிலிருந்து பத்தி பத்தியாகத் திருடித்தான் யூதர்களின் உலகச் சதித்திட்டம் என்ற போலி ஆவணத்தைச் செய்திருந்தார்கள். லண்டன் 'டைம்ஸ்' 1921இல் இரண்டையும் பக்கத்தில் வைத்துக் காட்டியது. காட்டியபிறகும் நம்பியவர்கள் நம்பிக்கொண்டே இருந்தார்கள், அதன் பேரில் கொல்லவும் செய்தார்கள். நம் கதை யாரையும் கொன்றதில்லை. ஆனாலும் அந்த வழியில் எதிரே வருபவர்கள் யார் என்று தெரிந்துதான் நடக்கவேண்டும்.

பெரிய அறிவாளிகள் விழமாட்டார்கள் என்பதும் இல்லை. புதுச்சேரி வட்டாரத்தில் பிரெஞ்சில் எழுதப்பட்ட 'எசூர் வேதம்' என்ற நூல் 1760இல் வால்டேர் கைக்குப் போனது. தொன்மையான இந்திய வேதத்தின் மொழிபெயர்ப்பு என்று நம்பி, அரச நூலகத்தில் கொண்டுபோய் வைத்தார். பைபிளுக்கு முந்திய ஞானம் கிழக்கில் இருந்தது என்று வாதாட அவருக்கு அது வேண்டியிருந்தது. வேண்டியதுதான் கிடைத்தது. உள்ளே இருந்ததோ கிறித்தவ மதப்பிரசாரம். நம் எல்லீசர், குறளுக்கு உரை கண்ட அதே எல்லிஸ், புதுச்சேரிக்குப் போய்ப் பாதிரிமாரின் கையெழுத்துப் படிகளைத் தேடிப் பார்த்து இது வேதமல்ல என்று விரிவாக எழுதினார். 1819இல் அவர் இறந்தபின் 1822இல் அது அச்சானது. அவரும்கூட ஓரிடத்தில் சறுக்கினார். ஊரார் சொன்னதை வைத்து ராபர்ட் டி நொபிலி தலையில் பழியைப் போட்டார். நூல் வால்டேர் கைக்குப் போனபோதே நொபிலி மயிலாப்பூரில் இறந்து நூறாண்டுக்குமேல் ஆகியிருந்தது. பொய்யைக் கண்டுபிடித்தவர் ஒரு புரளியை விட்டுச்சென்றார்.

எனக்கு உண்மையில் ஆறாத விஷயம் வேறு. 1981 ஜனவரியில் மதுரையில் ஐந்தாம் உலகத் தமிழ் மாநாடு நடந்தது. தமிழக அரசு பொருள் கொடுத்து ப. நீலகண்டன் எடுத்த குமரிக்கண்ட ஆவணப்படம் அங்கே காட்டப்பட்டது. கடல் பொங்கி ஏடுகள் மிதப்பதாக நினைத்து ஒரு தலைமுறை கலங்கியது. ஐந்து மாதம்கூட ஆகவில்லை. மே 31 இரவு தொடங்கி ஜூன் 1 விடிவதற்குள் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்து முடிந்தது. சுமார் 97,000 நூல்களும் ஏட்டுச் சுவடிகளும் போயின. அதற்கு நாள் உண்டு, இடம் உண்டு, பார்த்தவர்கள் உண்டு, கருகிய சுவரின் புகைப்படம் உண்டு. எல்லா எண்ணும் குத்தப்பட்ட இழப்பு அது. போனை நீட்டிய பையனிடம் கேட்டேன். அவனுக்குக் கடல்கொண்ட கபாடபுரம் தெரியும், யாழ்ப்பாண நூலகம் எரிந்தது தெரியாது. அவனைக் குறைசொல்ல எனக்கு வாய் வரவில்லை. எனக்குக் குமரிக்கண்டத்தை வரைந்து காட்டிய தமிழய்யாவும் அதைச் சொன்னதில்லை.

ஏட்டை அழிக்கச் சதி வேண்டியதில்லை என்பதும் அந்த வகுப்பில் எங்களுக்கு வந்து சேரவில்லை. நம் ஊர் ஈரத்திலும் வெக்கையிலும் பனையோலை இருநூறு முந்நூறு ஆண்டு தாங்கினால் பெரிது. ஒவ்வொரு சில தலைமுறைக்கும் ஒருவர் உட்கார்ந்து புதிய ஓலையில் கீறி எழுதவேண்டும். ஒரு தலைமுறை எழுதாமல் விட்டால் முடிந்தது. வளையாபதி ஏட்டைத் திருவாவடுதுறையில் இளமையில் பார்த்ததாகவும், அருமை தெரிந்து தேடியபோது அது கிடைக்கவில்லை என்றும் சாமிநாதையர் எழுதியிருக்கிறார். அது கடலில் போகவில்லை. ஒரு மடத்தின் அலமாரிக்கும் ஒரு மனிதரின் மறதிக்கும் நடுவில் போயிற்று.

சேரப்பணஞ்சேரியில் நின்றுகொண்டு பழமைக்காக இந்துமாக்கடலைப் பார்க்கவேண்டிய அவசியமே இல்லை. ஒரகடத்தை அடுத்த வடக்குப்பட்டில் 2022இல் இந்தியத் தொல்லியல் துறை குழி வெட்டியது. நத்தமேட்டின் மண்ணுக்குள் கற்காலத்து ஆட்கள் கருவி செய்தபோது தெறித்த சில்லுகளும் கருவிகளும் வந்தன. இன்னும் கொஞ்சம் போனால் பல்லாவரம். 1863இல் ராபர்ட் புரூஸ் ஃபுட் என்ற புவியியலாளர் இந்தியாவின் முதல் பழங்கற்காலக் கருவியைக் குனிந்து எடுத்த இடம். எங்கள் ஊர்ப்பக்கத்துப் பாறைகளை அளந்து எழுதியவரும் அவர்தான். அந்தப் பாறைக்கே ஸ்ரீபெரும்புதூர் அடுக்கு என்று புவியியலில் பெயர். தொழிற்சாலை அஸ்திவாரத்துக்குத் தோண்டும்போது வெளுத்த களிக்கல் வந்தால் நான் நின்று பார்ப்பேன். அந்த அடுக்கில் பத்துப் பன்னிரண்டு கோடி ஆண்டுக்கு முந்திய இலைகளின் அச்சு இருக்கிறது. கோண்டுவானா என்ற பெருநிலம் உடைந்து, அண்டார்டிகாவையும் ஆஸ்திரேலியாவையும் விட்டு இந்தியா விலகிவந்த காலத்துச் செடிகள். தமிழய்யா சாக்பீஸால் தேடிய தொலைந்த கண்டம் நிஜமாகவே உண்டு. மனிதன் என்றொரு உயிர் பிறப்பதற்கு மிக முன்னால் அது பிரிந்துவிட்டது. அதன் ஒரு துண்டின்மேல் நின்றுதான் நாங்கள் டீ குடிக்கிறோம்.

அடுத்த வார விடுமுறையில் அந்தப் பையனை என் வண்டியில் ஏற்றிக்கொண்டு மணிமங்கலம் போனேன். பல்லவ நரசிம்மவர்மன் சாளுக்கியப் புலிகேசியை வென்ற போர்க்களங்களில் ஒன்றாகக் கூரம் செப்பேடு பெயர் சொல்லும் ஊர். அங்கே ராஜகோபாலப் பெருமாள் கோயில் சுவரில் சோழர் கல்வெட்டுகள் இருக்கின்றன. ராஜாதிராஜன் காலத்தவையும் வீரராஜேந்திரன் காலத்தவையும் உண்டு. நூறாண்டுக்கு முன்பே படியெடுத்து அச்சிட்டுவிட்டார்கள். யாரும் மறைக்கவில்லை.

பையன் முதலில் அது வேறு ஏதோ மொழி என்று நினைத்தான். புள்ளியில்லாத எழுத்து. நெருங்கி நின்று விரலை வைக்கச் சொன்னேன். ம என்றான். பிறகு ட, ய, ப. ஒரு வரியில் பாதி தூரம் போவதற்குள் அவனுக்கு வேகம் பிடித்துவிட்டது, கற்சுவரோடு ஒட்டி நகர்ந்துகொண்டே ஒவ்வோர் எழுத்தாகச் சத்தமாகச் சொன்னான். கல்லின் மூலை உடைந்திருந்த இடத்தில் வரி நின்றது. அவன் விரல் அந்தப் பள்ளத்திலேயே இருந்தது.

"இதுக்கப்புறம் என்ன சார்?"

"தெரியாது" என்றேன்.

கொஞ்ச நேரம் அந்த உடைந்த ஓரத்தைத் தடவிக்கொண்டு நின்றான். பிறகு குனிந்து அடுத்த வரியைத் தொடங்கினான்.